பதினாறு மதிப்பெண் வாங்கிய தோப்புக்காரர்: ஒரு நிகழ்வு ஆய்வு

ஆண், வயது 57. பட்டுக்கோட்டைக்கும் பேராவூரணிக்கும் நடுவில், கல்லணைக் கால்வாயின் கடைமடையில் ஒரு கிராமம். இரண்டரை ஏக்கர் தென்னந்தோப்பு, ஒன்றரை ஏக்கர் நஞ்சை. எட்டாவது வரை படிப்பு. மனைவி, கல்யாணம் நிச்சயமான மகள், திருப்பூரில் வேலை பார்க்கும் மகன். குடிப்பழக்கம் இல்லை, வெற்றிலை உண்டு. மனநல மருத்துவரிடம் போனது கிடையாது. 2019 மே மாதம், கஜா புயலுக்கு ஆறு மாதம் கழித்து, ஒரு தொண்டு நிறுவனம் நடத்திய மனநல முகாமில் மனச்சோர்வுக் கேள்விப் படிவத்தில் 27-க்கு 16 வாங்கினார். படிவத்தின் மூலையில் சிவப்பு மையில் வட்டம் போட்டு என்னிடம் அனுப்பிவைத்தார்கள். அந்த முகாமில் நான் ஆலோசகர்.

ஆளை அடையாளம் காட்டக்கூடிய விவரங்களை மாற்றியிருக்கிறேன். தோப்புக்காரர் என்றே குறிப்பிடுகிறேன். ஊரிலும் அப்படித்தான் கூப்பிட்டார்கள், தோப்பு போன பிறகும்.

உளவியல் எதை அளக்கிறது, எதை விளக்குகிறது என்று தத்துவத் துறையில் நூறு வருஷத்துக்கு மேலாகக் கேட்டுவருகிறார்கள். வேலையில் இருக்கும் எங்களுக்கு அதையெல்லாம் படிக்க நேரமில்லை என்று சொல்லிக்கொள்வோம். இந்த ஒரு படிவத்தை வரிவரியாகப் பிரித்துப் பார்த்தால் அந்தக் கேள்விகள் அத்தனையும் அதற்குள்ளேயே கிடக்கின்றன. அதனால்தான் இந்த நேர்வு.

பின்னணி

2018 நவம்பர் 16 அதிகாலையில் நாகப்பட்டினத்துக்கும் வேதாரண்யத்துக்கும் இடையே கஜா கரையைக் கடந்தது. வேதாரண்யம், பட்டுக்கோட்டை, பேராவூரணி, ஒரத்தநாடு வட்டாரத்தில் தென்னை மரங்கள் வேரோடு சாய்ந்தன. இவருடைய 170 மரத்தில் நின்றது பதினொன்று. அரசு நிவாரணம் மரத்துக்கு 1,100 ரூபாய்: மரத்துக்காக 600, வெட்டி அகற்ற 500. மறுபடி நெட்டைக் கன்று வைத்தால் காய்ப்புக்கு வர ஆறேழு வருஷம் ஆகும். 57 வயதில் அந்தக் கணக்கை ஒருவர் எப்படிப் போட்டுப் பார்ப்பார் என்று விளக்க வேண்டியதில்லை.

நெல் ஏற்கெனவே கைவிட்டிருந்தது. 2012-லிருந்து அதுவரை, வழக்கமான ஜூன் 12-ஆம் தேதி மேட்டூர் திறக்கவே இல்லை. 2016-ல் வடகிழக்குப் பருவமழையும் பொய்த்து, 2017 ஜனவரியில் தமிழ்நாடு முழுவதையும் வறட்சிப் பகுதியாக அறிவித்தார்கள். கடைமடைக்காரருக்குக் குறுவை என்பது அப்பா காலத்துப் பேச்சு. அந்த வருஷங்களில் குடும்பத்தைத் தாங்கியது தேங்காய்தான். மகள் கல்யாணத்துக்குத் தோப்பை நம்பித்தான் நாள் குறித்திருந்தார். கூட்டுறவுச் சங்கத்தில் நகைக்கடனும் பயிர்க்கடனும் இருந்தன. வெளியே கைமாற்றாகக் கொஞ்சம்.

படிவம் நிரம்பிய விதம்

படிவம் உலகம் முழுக்கப் புழங்கும் பி.எச்.க்யூ-9. கேள்விகள் ஒன்பது. கடந்த இரண்டு வாரத்தில் இன்ன தொந்தரவு எத்தனை நாள் இருந்தது என்று கேட்டு, இல்லவே இல்லை என்றால் 0, ஏறக்குறைய தினமும் என்றால் 3 போட வேண்டும். 10 அல்லது அதற்கு மேல் வந்தால் மேற்கொண்டு விசாரிக்க வேண்டும். 15 முதல் 19 வரை ஓரளவு கடுமையான மனச்சோர்வு. அமெரிக்க மனநல மருத்துவர் ராபர்ட் ஸ்பிட்சரும் அவருடைய சகாக்களும் உருவாக்கியது. 2001-ல் அதன் தரத்தைச் சோதித்த கட்டுரை வெளிவந்தது. ஃபைசர் மருந்து நிறுவனத்தின் நிதியுதவியில் வந்தது என்று படிவத்தின் அடியிலேயே அச்சிட்டிருப்பார்கள். அதே நிறுவனம் மனச்சோர்வுக்கு மாத்திரையும் விற்றது. இதைச் சதி என்று சொல்ல மாட்டேன். தெரிந்து வைத்திருப்பது நல்லது.

முகாம் நடந்தது பள்ளிக்கூட வராந்தாவில். விழுந்த மரங்களுக்கான நிவாரண மனுக்களை வாங்கியதும் அதே வராந்தாவில்தான். சமூகப்பணி படிக்கும் பெண் ஒருத்தி படிவத்தோடு உட்கார்ந்திருந்தாள். தோப்புக்காரர் அவளிடம் கேட்ட முதல் கேள்வி, "இதுக்கு எவ்வளவு வரும்மா?"

"பணம் எதுவும் இல்லீங்கய்யா. உங்க மனசு எப்படி இருக்குன்னு கேக்குறோம்."

"சரி, கேளு."

"ரெண்டு வாரமா தூக்கம் எப்படிங்கய்யா?"

"அது எங்கம்மா வருது."

"தினமுமா, இல்ல சில நாள்தானா?"

"தினமுந்தான்."

அவள் 3 போட்டாள். போட வேண்டியதுதான், விதிப்படி சரி. ஒன்பதும் முடிந்தபோது வரிசை இப்படி இருந்தது: எதிலும் நாட்டமின்மை 2, மனம் வாடியிருப்பது 2, தூக்கம் 3, அசதி 2, சாப்பாடு 1, தான் தோற்றுவிட்டதாக அல்லது குடும்பத்தைக் கைவிட்டதாக நினைப்பது 3, பேப்பர் படிக்க, டிவி பார்க்கக் கவனம் இல்லாமை 1, மந்தம் அல்லது படபடப்பு 1, செத்துப்போனால் தேவலை என்ற எண்ணம் 1. கூட்டினால் 16.

இரண்டு நாள் கழித்து அவர் தோப்புக்குப் போனேன். விழுந்த மரத்தில் பாதி இன்னும் அகற்றாமல் கிடந்தது; நடுவே புதிதாக வைத்த கன்றுகள். கயிற்றுக் கட்டிலில் உட்கார்ந்து, படிவத்தை எடுக்காமல் பேச ஆரம்பித்தோம்.

தூக்கம். போர்வெல் மோட்டாருக்கு மும்முனை மின்சாரம் அந்த மாதம் ராத்திரியில்தான் வந்தது. கன்றுக்குத் தண்ணீர் காட்ட அவர் கட்டிலைத் தோப்புக்கே கொண்டுவந்துவிட்டார். ஊரில் மோட்டார் வைத்திருந்த யாருமே அந்த வெயில் காலத்தில் ராத்திரி தூங்கவில்லை. ஆனால் கரண்ட் வராத நாளிலும் அவர் விழித்துத்தான் கிடந்தார். கொஞ்சம் காற்று எழும்பினாலே எழுந்து உட்கார்ந்துவிடுவார். "ஒண்ணு மோட்டாருக்காக முழிக்கிறது, இன்னொண்ணு காத்துக்காக முழிக்கிறது" என்று அவரே பிரித்துச் சொன்னார். படிவத்தில் இரண்டும் சேர்ந்து ஒரே 3.

நாட்டமின்மை. டீக்கடைக்குப் போவதை நிறுத்தியிருந்தார். கைமாற்றுக் கொடுத்தவர் காலையில் அங்கேதான் பேப்பர் படிப்பார். கோயில் கமிட்டிக்குப் போவதில்லை, போனால் வரி கொடுக்க வேண்டும். இதைச் சந்தோஷத்தை உணரும் சக்தி குறைந்ததாக எடுத்துக்கொள்வதா, கடன்காரர் கண்ணில் படாமல் இருக்கும் சாமர்த்தியமாக எடுத்துக்கொள்வதா? பேப்பர், டிவி விஷயம் இன்னும் வேடிக்கை. புயலில் ஓடு பெயர்ந்து மழை இறங்கியதில் டிவி போய்விட்டது. பேப்பர் எப்போதும் ஓசிப் பேப்பர். கேட்ட பிள்ளை மனசு நோகக் கூடாதென்று ஒரு 1 வாங்கிக்கொண்டார்.

குடும்பத்தைக் கைவிட்டதாக நினைப்பது. "நினைக்கிறதென்ன தம்பி, அதானே நடந்திருக்கு. பொண்ணோட நகைய நானே கொண்டுபோய் வச்சேன்." மகளின் நகையைச் சங்கத்தில் வைத்துத்தான் மரம் அகற்றும் கூலி கொடுத்திருக்கிறார். கல்யாணம் தள்ளிப்போய்விட்டது. மூன்று மதிப்பெண் வாங்கிய இந்த வரி நோய்க்குறியா, ஒரு தகப்பன் தன்னைப் பற்றிச் சொல்லும் தீர்ப்பா? தீர்ப்பு என்றால் அது சரியா தப்பா என்று அவரோடு வாதாடலாம், நான் வாதாடினேன். நோய்க்குறி என்றால் எண்ணிக்கொண்டு போக வேண்டியதுதான்.

ஒன்பதாவது கேள்வி

இந்த நேர்வில் முக்கியமானது மற்ற எல்லாவற்றையும்விட ஒன்பதாவது வரி. அதற்குக் கிடைத்தது 1.

மாசி மாதத்தில் ஒருநாள் அவர் கூட்டுறவுச் சங்கத்துக்குப் போயிருக்கிறார். வட்டி கட்டப் போகவில்லை. செயலாளரிடம், கடன் வாங்கினவன் இறந்துபோனால் கடன் என்ன ஆகும் என்று கேட்டிருக்கிறார். செயலாளர் கணக்கிலிருந்து தலையைத் தூக்காமலே, "வாரிசு கட்டணும்ணே" என்றாராம். இவர் "அப்படியா" என்று சொல்லிவிட்டு வந்துவிட்டார். மனைவிக்கு இது வேறு யார் மூலமாகவோ தெரியவந்து, அன்றிலிருந்து அந்த அம்மா ராத்திரி தோப்புக்கு ஒரு தூக்குவாளியில் காப்பியோடு வந்து அங்கேயே படுத்துக்கொள்ள ஆரம்பித்தார். படிவத்தில் இதற்கு இடமில்லை.

நான் நேராகவே கேட்டேன். சுற்றி வளைத்துக் கேட்பதில் பிரயோஜனம் இல்லை. அவரும் நேராகவே சொன்னார்: "பையன் தலையில விழும்னு தெரிஞ்சுபோச்சு தம்பி. அப்புறம் எப்படிப் போறது?"

அந்த 1 ஏன் 3 ஆகவில்லை என்பதற்குக் காரணம் அவருடைய மனநிலை ஓரளவு நன்றாக இருந்தது அல்ல. ஒரு செயலாளர் சொன்ன பதில். சட்டப்படி வாரிசுகளின் பொறுப்பு அவர்களுக்கு வந்துசேரும் சொத்தின் அளவோடு நிற்கும். செயலாளர் அந்த நுணுக்கத்துக்குப் போகவில்லை. போயிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று யோசிக்க எனக்கு விருப்பமில்லை. அன்று சாயங்காலமே தோப்புக்காரர் சம்மதத்தோடு வீட்டிலிருந்த பூச்சிமருந்துகளை மச்சான் வீட்டுக்கு மாற்றினோம். மறுநாள் அரசு மருத்துவமனையில் மனநல மருத்துவரிடம் கூட்டிப்போனேன். அப்போது 104-ல் கூப்பிட்டால் ஆள் பேசுவார்கள். இப்போது 14416 என்ற டெலிமானஸ் மனநல உதவி எண்ணும் இருக்கிறது. இப்படி யோசிக்கிற யார் பக்கத்தில் இருந்தாலும் முதலில் அதைச் செய்யுங்கள், தத்துவம் அப்புறம்.

பொலிட்செர் சொன்னது

ஹங்கேரியில் பிறந்து பாரிசுக்கு வந்த தத்துவவாதி ஜார்ஜ் பொலிட்செர் 1928-ல், இருபதுகளின் நடுவில் இருந்தபோது, உளவியலின் அடித்தளத்தையே விமர்சித்து ஒரு நூல் எழுதினார். தொடராகத் திட்டமிட்டதில் முதல் பாகம் மட்டும்தான் வந்தது. பிறகு கம்யூனிஸ்ட் கட்சி வேலைகளில் இறங்கினார். பாரிஸ் நாஜிகள் கையில் இருந்தபோது தலைமறைவாக எதிர்த்து எழுதினார். 1942 மே மாதம் சுட்டுக்கொல்லப்பட்டார்.

அவருடைய குற்றச்சாட்டு இது. ஒரு மனிதன் ஒரு சூழ்நிலையில், யாரையோ மனதில் வைத்து, ஒரு காரியம் செய்கிறான். உளவியல் அந்தக் காரியத்திலிருந்து செய்தவனை உருவிவிடுகிறது. மிச்சத்தை உணர்ச்சி, நினைவு, கவனம், இச்சை என்று மனதுக்குள் நடக்கும் இயக்கங்களாகப் பிரிக்கிறது. இயற்பியல்காரர் பொருள்களைப் பற்றிப் பேசுவதுபோல அவற்றைப் படர்க்கையில் பேசுகிறது. அப்புறம் அந்த இயக்கங்களைக் கொண்டே மனிதனை விளக்குகிறேன் என்கிறது. உளவியல் படிக்க வேண்டியது வாழ்க்கை என்ற நாடகத்தை. யார், எப்போது, யாருக்காக, எதற்காக என்று சொல்லக்கூடியதை. ஃபிராய்டிடம் அவருக்குப் பிடித்தது, கனவைக் கண்டவருடைய வாழ்க்கையோடு வைத்துப் படித்தது. பிடிக்காதது, அதை முடித்த கையோடு நனவிலி, அதாவது நமக்கே தெரியாமல் இயங்கும் மனம், என்ற புதிய உள்ளறையைக் கட்டி, பழைய வழிக்கே திரும்பியது.

கூட்டுறவுச் சங்கத்துக்குப் போய்க் கேட்ட அந்தக் கேள்வியை இந்தக் கண்ணோடு பாருங்கள். அது ஓர் எண்ணம் அல்ல, ஒரு காரியம். மாசி மாதத்தில், நகை அடமானத்தில் இருக்கும்போது, கல்யாணம் தள்ளிப்போன பிறகு, மகனை நினைத்துக்கொண்டு ஒரு தகப்பன் செய்த காரியம். "செத்துப்போனால் தேவலை என்ற எண்ணம், சில நாட்கள், 1" என்று எழுதும்போது மாசியும் நகையும் மகனும் போய்விடுகின்றன. அவரைக் காப்பாற்ற எனக்குத் தேவைப்பட்டது அந்த மூன்றும்தான்.

பொலிட்செரோடு நான் முழுக்கப் போக மாட்டேன். அந்தப் படிவம் இல்லையென்றால் அவரிடம் யாரும் அந்தக் கேள்வியைக் கேட்டிருக்க மாட்டார்கள். ஆறு மாதமாகக் கிராமம் முழுக்க மரத்தைப் பற்றித்தான் விசாரித்தது. நாடகத்தைப் படிக்க வேண்டும் என்பது சரி. ஒரு நாளைக்கு அறுபது பேர் வரிசையில் நிற்கும்போது நாடகத்துக்குள் நுழைய ஒரு வாசல் வேண்டும். படிவம் வாசலாக இருந்தவரை எனக்கு அதனோடு சண்டை இல்லை.

16 என்பது எதன் அளவு?

ஒன்பது கேள்விக்கு 0 முதல் 3 வரை மதிப்பெண் போட்டு மொத்தம் 16 வரவழைக்க எத்தனை வழி என்று கணக்கிட்டால் விடை 23,607. அத்தனை விதமான ஆட்கள் ஒரே எண்ணுக்குள் அடங்குவார்கள். இது வெறும் காகிதக் கணக்கு இல்லை. அமெரிக்காவில் மனச்சோர்வு என்று கண்டறியப்பட்ட 3,703 பேரின் தரவை ஐகோ ஃபிரைடும் ராண்டால்ஃப் நெஸ்ஸியும் 2015-ல் ஆராய்ந்தபோது, அவர்களிடம் 1,030 வெவ்வேறு அறிகுறிக் கலவைகள் இருந்தன.

சரி, கலவை வேறாக இருந்தாலும் மொத்தம் ஒரு அளவைக் காட்டக்கூடாதா? காட்டலாம், அளக்கிற பொருள் கூட்டிக் கழிக்கக்கூடியதாக இருந்தால். டெல்டாக்காரர்களுக்கு இதைப் புரியவைப்பது சுலபம். மேட்டூர் 120 அடி நிரம்பினால் 93.47 டிஎம்சி. 60 அடி இருந்தால் பாதித் தண்ணீர் இருக்கிறது என்று எந்த விவசாயியும் நினைக்க மாட்டார். அடியில் குறுகலான அணை, பாதிக்கு எவ்வளவோ குறைவாகத்தான் இருக்கும். ஆனாலும் அடிக்கணக்கு உதவுகிறது. ஏனென்றால் எத்தனை அடிக்கு எத்தனை டிஎம்சி என்று நீர்வளத் துறையிடம் பட்டியல் இருக்கிறது. தண்ணீர் என்ற பொருளும் கண்முன்னால் இருக்கிறது. மனச்சோர்வு விஷயத்தில் நம்மிடம் இருப்பது அடி மட்டும்தான். அது எதனுடைய அடி என்று சொல்லும் பட்டியல் இல்லை.

ஆஸ்திரேலிய உளவியலாளர் ஜோயல் மிச்செல் பல வருஷமாகச் சொல்லிவருவது இதைத்தான். 1786-லேயே ஜெர்மன் தத்துவவாதி கான்ட், அகவுணர்வுக்குக் கணிதம் செல்லாது, அதனால் உளவியல் முறையான அறிவியல் ஆகாது என்று எழுதியிருந்தார். 1932-ல் பிரிட்டனில் இயற்பியலாளர்களும் உளவியலாளர்களும் சேர்ந்த ஒரு குழுவை அமைத்து, புலனுணர்வை அளக்க முடியுமா என்று விசாரிக்கச் சொன்னார்கள். 1940-ல் கடைசி அறிக்கை வரும்வரை ஒத்துப்போகவில்லை. 1946-ல் ஹார்வர்டு உளவியலாளர் எஸ்.எஸ். ஸ்டீவன்ஸ் ஒரு வழி கண்டார்: ஏதாவது ஒரு விதிப்படி எண்ணைச் சூட்டினாலே அது அளவீடுதான் என்று வரையறையையே மாற்றிவிட்டார். அதற்கப்புறம் யாரும் அந்தக் கேள்வியைக் கேட்கத் தேவைப்படவில்லை. மனப்பண்பு என்பது அளவாக இருக்கக்கூடிய ஒன்றா என்பது சோதித்துப் பார்க்க வேண்டிய விஷயம். அதைச் சோதிக்காமலே துறை முன்னால் போய்விட்டது என்பது மிச்செலின் புகார். அந்தப் புகாருக்கு நேரடியான பதில் ஒன்றை நான் இதுவரை படித்ததில்லை. நடைமுறையில் உதவுகிறதே என்ற பதிலைத்தான் கேட்டிருக்கிறேன்.

முகாமின் பரிசீலனைக் கூட்டத்தில் இதைக் கிளப்பினேன். கேள்வி கேட்பவர்களுக்கு இன்னும் நன்றாகப் பயிற்சி கொடுத்தால் சரியாகிவிடும் என்றார்கள். அவர் தூக்கத்துக்கு 3 போட்ட பெண்ணுக்கு எந்தப் பயிற்சியும் குறைவில்லை. உளவியலில் சோதனை முறைகளும் இருக்கின்றன, கூடவே கருத்துக் குழப்பமும் இருக்கிறது, ஒன்று மற்றதைத் தீர்க்காமல் விலகிப் போய்விடுகிறது என்று தத்துவவாதி விட்கென்ஸ்டைன் எழுதி வைத்தது, அவர் இறந்த பிறகு 1953-ல் வெளிவந்தது. பயிற்சி வகுப்பில் முதலில் படிக்க வேண்டியது அந்தப் பத்திதான் என்பது என் கருத்து.

விளக்கம் என்ற பெயரில் ஒரு வட்டம்

நிறுவனத்துக்குப் போன அறிக்கையில் இவரைப் பற்றிய வரி: "மனச்சோர்வு காரணமாகத் தூக்கமின்மை, குற்றவுணர்வு, சமூக விலகல்." மனச்சோர்வு இருப்பது எப்படித் தெரிந்தது? தூக்கமின்மை, குற்றவுணர்வு, சமூக விலகல் இருந்ததால். இவை ஏன் வந்தன? மனச்சோர்வால். வட்டம் அழகாக மூடிக்கொண்டது. உள்ளே புயலும் இல்லை, கடனும் இல்லை. தற்கொலைகளுக்குத் தேசியக் குற்ற ஆவணக் காப்பகம் வருஷாவருஷம் போடும் காரணப் பட்டியலில் 'குடும்பப் பிரச்சினை', 'நோய்' இரண்டும்தான் முதலிடத்தில் இருக்கும். கடனில் விழுந்த குடும்பத்தில் பிரச்சினை வராமல் என்ன வரும்?

இதற்குத் துறைக்குள்ளேயே ஒரு பழைய தகராறு உண்டு. மனநோய்களை வரையறுக்கும் அமெரிக்கக் கையேட்டின் 1994 பதிப்பில், நெருங்கியவர் இறந்த இரண்டு மாதத்துக்குள் வரும் துயரத்தைப் பொதுவாக மனச்சோர்வு நோயாகக் கொள்ள வேண்டாம் என்று ஒரு விலக்கு இருந்தது. சாவுக்கு விலக்கு உண்டென்றால் மற்ற இழப்புகளுக்கு ஏன் இல்லை என்று ஆலன் ஹார்விட்ஸும் ஜெரோம் வேக்ஃபீல்டும் 2007-ல் கேட்டார்கள். 2013 பதிப்பு வேறு மாதிரி முடிவெடுத்தது: இருந்த விலக்கையும் எடுத்துவிட்டது. இழப்புக்குப் பின் வருவதும் ஆளைக் கொல்லக்கூடும், விலக்கு வைத்தால் சிகிச்சை தவறிப்போகும் என்பது அவர்கள் நியாயம். தோப்புக்காரர் விஷயத்தில் அந்த நியாயம் செல்லும் என்று ஒப்புக்கொள்கிறேன். அவர் துயரம் நூற்றுக்கு நூறு காரணமுள்ளது. அதே சமயம் அவர் உயிருக்கு ஆபத்தும் இருந்தது. ஒன்று இருந்தால் மற்றது இருக்காது என்று நினைப்பதில்தான் கோளாறு.

சிகிச்சையும் தொடர்ச்சியும்

மருத்துவர் செர்ட்ரலின் என்ற மனச்சோர்வு மாத்திரை 50 மில்லிகிராம் எழுதினார். நான் இரண்டு வாரத்துக்கு ஒருமுறை போனேன். அவர் மனைவி தன் பங்குக்கு வியாழக்கிழமைதோறும் முத்துப்பேட்டை தர்காவுக்கு அவரைக் கூட்டிப்போனார். கடைமடைப் பக்கம் இந்துக் குடும்பங்கள் அங்கே போவது புதிதில்லை. திருப்பூரிலிருந்து மகன் வந்து பத்து நாள் தங்கி, மிச்ச மரத்தை அகற்றினான். கைமாற்றுக் கொடுத்தவரிடம் மச்சான் போய்ப் பேசித் தவணை வாங்கினார். கன்றுகளுக்கு இடையில் உளுந்து போட்டார்கள்.

இதற்கிடையே ஒரு வேடிக்கை நடந்தது. மூன்றாவது தடவை நான் போனபோது டீக்கடையில், "தோப்புக்காரரப் பாக்க வந்தீங்களா? அவருக்கு டிப்ரஷனாமே" என்றார்கள். அவரே சங்கத்துக்குப் போய், "எனக்கு டிப்ரஷன், டாக்டர் சீட்டு இருக்கு, தை வரைக்கும் டயம் குடுங்க" என்று கேட்டிருக்கிறார். கொடுத்துவிட்டார்கள்! அணுவுக்குள் இருக்கும் குவார்க் என்ற துகளைக் குவார்க் என்று வகைப்படுத்தினால் குவார்க்குக்கு அது தெரியப்போவதில்லை, மனிதரை வகைப்படுத்தினால் அவர் அதைக் கேட்டு மாறுகிறார், அவர் மாறுவதால் வகையும் மாறுகிறது என்பது கனடாவின் தத்துவவாதி இயான் ஹாக்கிங் வைத்த வாதம். ஹாக்கிங் டீக்கடை வரைக்கும் யோசித்தாரா தெரியாது. மறைந்து திரிந்தவர் இப்போது மருத்துவச் சீட்டோடு கடன்காரர் முன்னால் உட்கார்ந்து டீ குடித்தார். நாட்டமின்மைக்குக் கொடுத்த 2 அங்கேயே காணாமல் போயிற்று. நோயின் பெயரே மருந்தில் பாதி வேலையைச் செய்தது.

அந்த வருஷம் செப்டம்பரில் மேட்டூர் நிரம்பியது. கடைமடைக்கும் தண்ணீர் வந்தது. ஒன்றரை ஏக்கரிலும் சம்பா விளைந்தது. 2020 பொங்கலுக்கு அப்புறம், கொரோனாவுக்குச் சற்று முன், மறுபடி படிவம் நிரப்பினோம்: 6. ஒன்பதாவது வரிக்கு 0.

எது குணமாக்கியது? மாத்திரையா, தர்காவா, மகன் வந்ததா, தவணையா, தண்ணீரா? எண்ணைக் கேட்டால் பதில் வராது. 2002-ல் ராகுராமும் சகாக்களும் பிரிட்டிஷ் மெடிக்கல் ஜர்னலில் எழுதிய ஒரு ஆய்வு உண்டு. தென்னிந்தியக் கோயில் ஒன்றில் மனநோயோடு வந்து சில வாரம் தங்கிய 31 பேரை, மருத்துவர்கள் பயன்படுத்தும் அதே அளவுகோலால் அளந்தார்கள். மருந்து எதுவும் கொடுக்காமலேயே மதிப்பெண் சராசரியாக ஐந்தில் ஒரு பங்கு குறைந்திருந்தது. கோயில் பக்கம் நிற்பவர்கள் இதைக் கொடியாகப் பிடிப்பார்கள். எனக்கு இது அளவுகோலைப் பற்றிய சேதியாகத்தான் படுகிறது: பராமரிப்பு, தங்குமிடம், கூட இருக்கும் சொந்தம், மருந்து என்று எது மாறினாலும் அசைகிற ஒரு முள். முள் அசைந்தது நிஜம். எதனால் அசைந்தது என்பதை ஆளைத் தெரிந்தவர்கள்தான் சொல்ல முடியும்.

மருத்துவரோடு தகராறு

மனநல மருத்துவர் எனக்குப் பழக்கமானவர். "நீங்க கான்ட் சொன்னாரு, பொலிட்செர் சொன்னாருன்னு சொல்றீங்க. மாத்திரை போட்டு நாலாவது வாரம் அந்த மனுஷன் காத்தடிச்சாலும் தூங்குறாரு. இதுக்கு என்ன சொல்றீங்க?" என்றார். நல்ல கேள்வி. மாத்திரை வேலை செய்தது என்பதை நான் மறுக்கவில்லை. மோட்டாருக்காக விழித்ததை அது மாற்றவில்லை, காற்றுக்காக விழித்ததை மாற்றியது. தோப்புக்காரர் தானாகப் பிரித்துச் சொன்ன பிரிவுதான் மருந்து எங்கே வேலை செய்தது என்பதையும் காட்டியது. 3 என்ற எண் அதைக் காட்டியிருக்காது. மருத்துவர் சிரித்துவிட்டு, "இத ஒரு பத்தியா எழுதிக் குடுங்க" என்றார்.

பாரிசில் 1956-ல் தத்துவவாதி ழோர்ழ் கங்கிலெம் ஆற்றிய உரை ஒன்றின் முடிவு எங்கள் பேச்சில் வந்தது. உளவியலாளர் சொர்பான் பல்கலைக்கழகத்திலிருந்து தெருவில் இறங்கினால் இரண்டு பக்கம் போகலாம்: மேலே ஏறினால் பெரியோர்களை அடக்கம் செய்திருக்கும் பாந்தியோன், கீழே இறங்கினால் போலீஸ் தலைமையகம். எங்கே போகிறீர்கள் என்பதுதான் அவர் கேள்வி. எங்கள் 16 எங்கே போயிற்று என்று பார்த்தேன். பண உதவி செய்தவர்களுக்கான அறிக்கையில், இத்தனை சதவீதம் பேருக்கு மனச்சோர்வு என்ற ஒரு வரைபடப் பட்டைக்குள் போய்ச் சேர்ந்திருந்தது. அந்த அறிக்கையின் பரிந்துரை: மேலும் முகாம்கள். தென்னங்கன்று, கடன் தவணை, மோட்டார் மின்சார நேரம் எதுவும் அதில் இல்லை. அவை மனநலத் துறையின் கீழ் வராதாம்.

மருத்துவரும் நானும் அடுத்த முகாமுக்குப் படிவத்தைத் திருத்த உட்கார்ந்தோம். மதிப்பெண்ணுக்கு மேலே அரைப்பக்கம் காலி விட வேண்டும், கேட்பவர் முதலில் என்ன நடந்தது என்பதை வந்தவர் சொன்னபடி எழுத வேண்டும் என்பதற்கு மருத்துவர் உடனே ஒத்துக்கொண்டார். ஒன்பதாவது கேள்வியைக் கூட்டலிலிருந்து எடுத்துத் தனியே வைக்க வேண்டும், 0 தவிர வேறு எது வந்தாலும் அன்றே ஆளைப் பார்க்க வேண்டும் என்றேன். அன்றே பார்க்கலாம் என்றார், கூட்டலிலிருந்து எடுக்க விடவில்லை. எடுத்துவிட்டால் 27 என்பது 24 ஆகிவிடும், வேறு எந்த ஊர் எண்ணோடும் ஒப்பிட முடியாது என்றார். ஒப்பிட்டு என்ன செய்யப்போகிறோம் என்று கேட்டேன். சென்னையில் நிதி கேட்கப் போகும்போது தெரியும் என்றார். எட்டு கேள்வியோடு நிற்கும் பி.எச்.க்யூ-8 என்ற வடிவமே இருக்கிறது, அதை வைத்துக்கொண்டு ஒன்பதாவதைத் தனியாகக் கேட்கலாமே என்று அடுத்து அனுப்பியிருக்கிறேன். அவர் இன்னும் பதில் சொல்லவில்லை.